ரிட் போடுவதற்கு முன் ஒரு மனு எழுதுங்கள்

இந்த வாரமும் சங்ககிரிப் பக்கத்திலிருந்து ஒரு லாரி உரிமையாளர் வந்தார். வண்டி வட்டாரப் போக்குவரத்து அலுவலக வளாகத்தில் நிற்கிறது. தவணை மட்டும் நிற்கவில்லை. கையில் ஒரு காகிதமும் இல்லை. "ஹைகோர்ட்டில் ரிட் போட்டால் இரண்டே நாளில் வண்டியை எடுத்துவிடலாம் என்றார்களே, வக்கீல் சார்" என்றார். யார் சொன்னது என்று கேட்டேன். புரோக்கராம். ரிட் என்றால் அதிகாரியின் நடவடிக்கையை எதிர்த்து நேரே உயர் நீதிமன்றத்தில் போடும் மனு.

புரோக்கர் சொன்னதைக் கேட்டுப் பணத்தைக் கட்டிவிட்டு அப்புறம் வக்கீலைத் தேடி வருவது சேலத்தில் வழக்கமாகிவிட்டது. எத்தனை முறை சொன்னாலும் தீரவில்லை என்பதால் எழுதியே வைத்துவிடுகிறேன்.

வண்டியைப் பிடித்து வைக்கும் அதிகாரம் 1988-ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தின் 207-ஆவது பிரிவில் இருக்கிறது. விடுவிக்கும் வழியும் அதே பிரிவில்தான் இருக்கிறது. உரிமையாளரோ வண்டியைப் பொறுப்பில் வைத்திருந்தவரோ ஆவணங்களோடு மனு கொடுக்கலாம். அதிகாரி அவற்றைச் சரிபார்த்து, நிபந்தனை விதித்து விடுவிக்கலாம். மனுவே கொடுக்காமல் சென்னைக்கு ஓடினால் நீதிபதி முதலில் கேட்பது, "அதிகாரியிடம் கேட்டீர்களா?" என்பதைத்தான். நீங்கள் கேட்கவே இல்லை என்றால் அதிகாரி எதை மறுத்தார்? பெரும்பாலும் கிடைக்கும் உத்தரவு இவ்வளவுதான்: மனுதாரர் விண்ணப்பிக்கட்டும், அதிகாரி குறித்த நாளுக்குள் பரிசீலிக்கட்டும். பரிசீலிக்கச் சொன்ன உத்தரவை வண்டியை விடச் சொன்ன உத்தரவாக நினைத்துக்கொண்டு சாவி கேட்கப் போய்ச் சண்டை போட்டவர்களும் உண்டு. சென்னை போய்ச் செலவழித்துவிட்டு, முதல் நாளே கொடுத்திருக்க வேண்டிய மனுவை அப்போதுதான் எழுத உட்காருகிறார்கள்.

மனு கொடுத்தும் பதில் இல்லை, வாயால் மட்டும் "முடியாது" என்கிறார்கள், சட்டத்தில் இல்லாத காரணத்துக்கு வண்டியைப் பிடித்திருக்கிறார்கள் என்றால் தாராளமாக ரிட் போடலாம். பாரம் கூடுதல் என்பது 207-இல் சொன்ன காரணங்களில் இல்லை. அதற்கு 194-ஆவது பிரிவு தனியாக இருக்கிறது: 20,000 ரூபாய், கூடுதல் டன் ஒவ்வொன்றுக்கும் 2,000 ரூபாய், மிகுதிப் பாரத்தை இறக்கும்வரை வண்டி நகரக் கூடாது.

"ஆர்.சி. சரியாக இருக்கிறது, எஃப்.சி. மட்டும்தானே முடிந்தது" என்று வாதாடுபவர்கள் 56-ஆவது பிரிவைப் படிக்கட்டும். எஃப்.சி., அதாவது தகுதிச் சான்று, இல்லாத வணிக வாகனம் சட்டத்தின் பார்வையில் பதிவே செய்யாத வாகனம். பிடித்தது தவறு என்று நான் எந்த வாயோடு வாதாடுவது?

ஏற்காட்டில் சீசன் நேரத்தில் சொந்த உபயோகத்துக்கான வெள்ளை போர்டு காரில் பயணிகளை ஏற்றி இருபது கொண்டை ஊசி வளைவுகளையும் ஏறுகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. அது பர்மிட் இல்லாமல் ஓட்டுவது. 192-ஏ பிரிவில் முதல் தடவைக்கே 10,000 ரூபாய் அபராதமும் ஆறு மாதம்வரை சிறையும் இருக்கிறது.

இணக்கக் கட்டணத்தை, அதாவது குற்றத்தை ஒப்புக்கொண்டு வழக்கில்லாமல் முடித்துக்கொள்ளக் கட்டும் தொகையை, யோசிக்காமல் அவசரப்பட்டுக் கட்டாதீர்கள். கட்டினால் விஷயம் அத்தோடு முடியும். பல நேரங்களில் அதுவே புத்திசாலித்தனம். கட்டிவிட்டு, "நான் தவறே செய்யவில்லை, வழக்குப் போடுங்கள்" என்று ரசீதை நீட்டாதீர்கள், தயவுசெய்து.

பெயர் மாற்றாமல் வெறும் கையெழுத்துத் தாளோடு வாங்கிய வண்டிகள் தனித் தலைவலி. ஆர்.சி.யில் இருப்பவர் திருப்பூரில் எங்கோ இருப்பார், போனை எடுக்க மாட்டார். மனுவில் கையெழுத்துப் போட ஆள் தேடியே வாரம் ஓடும்.

விபத்து வழக்கில் போலீஸ் எடுத்த வண்டி என்றால் வழி வேறு, மாஜிஸ்திரேட்டிடம் போக வேண்டும். வண்டிகளைக் காவல் நிலையத்தில் நெடுநாள் போட்டு வைக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 2002-இல் சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கிலேயே சொல்லிவிட்டது. அனுமதிச் சீட்டில்லாமல் மணல், கிராவல் ஏற்றியவர்கள் இதைப் படித்துப் பயனில்லை. அது 1957-ஆம் ஆண்டுக் கனிமச் சட்டம், வண்டியே பறிமுதலாகலாம்.

வண்டி பிடிபட்ட அன்றே செக் ரிப்போர்ட் (பிடித்த அதிகாரி எழுதும் சோதனை அறிக்கை) நகலைக் கேட்டு வாங்குங்கள். எந்தப் பிரிவு எழுதியிருக்கிறது என்று பாருங்கள். பேட்டரி, ஆறு டயர், ஸ்டெப்னி, கிலோமீட்டர் மீட்டர் எல்லாவற்றையும் படம் எடுங்கள். திரும்ப எடுக்கும்போது பேட்டரி இல்லை என்று என்னிடம் அழாதீர்கள். தக்காளி, மாம்பழம் போல அழுகும் சரக்கு இருந்தால் வேறு வண்டியில் மாற்ற அனுமதி கேட்டு எழுதிக் கொடுங்கள். விடுவிப்பு மனுவை இரண்டு பிரதி எடுத்து, ஒன்றில் தேதியோடு அலுவலக முத்திரை வாங்குங்கள். வாங்க மறுத்தால் அன்றைக்கே விரைவு அஞ்சலில் அனுப்பி ரசீதை வைத்துக்கொள்ளுங்கள். அந்த நகலோடு வந்தால், ரிட் தேவைப்படுகிறதா என்று பேசலாம்.