அனிலீன்: சொல்லும் அதைத் தவறவிட்ட ரூங்கேயும்

அனிலீன் (பெயர்ச்சொல்): பென்சீன் வளையத்தில் ஓர் அமினோ தொகுதி இணைந்த கரிமச் சேர்மம், வலுக்குறைந்த காரம். புதிதாக வடித்தெடுத்தால் நிறமற்ற எண்ணெய், காற்றுப் பட்டால் பழுப்பேறும். நச்சுப்பொருள். சாயம், மருந்து, ரப்பர்த் தொழில்களுக்கு மூலப்பொருள்.

பெயரின் வேர் அவுரிச் செடியில் இருக்கிறது. நீலச் சாயம் தரும் அந்தச் செடிக்குப் போர்த்துகீசியத்தில் 'அனில்' என்று பெயர். அரபியில் 'அல்' என்ற சுட்டு 'நீல்' என்பதோடு ஒட்டி 'அன்னீல்' ஆனது. அதன் திரிபே அனில். அந்த 'நீல்' பாரசீகம் வழியே போன வடமொழி 'நீலீ'. ஆக, அனிலீனுக்குள் ஒளிந்திருப்பது நாம் அன்றாடம் சொல்லும் நீலம்தான். ரஷ்யாவில் பணியாற்றிய ஜெர்மானியர் யூலியஸ் ஃபிரிட்சே, 1840இல் அவுரி நீலத்தை எரிபொட்டாசுடன் (பொட்டாசியம் ஹைட்ராக்சைடு) சூடாக்கிக் கிடைத்த எண்ணெய்க்கு இப்பெயரை வைத்தார்.

ஆனால் பொருளைக் கண்டவர்களில் அவர் முதல்வர் அல்லர். 1826இலேயே ஜெர்மானிய வேதியியலாளர் ஊன்ஃபெர்டோர்பென் அதை அவுரி நீலத்திலிருந்து வடித்து 'கிரிஸ்டலின்' என்றார். 1834இல் நிலக்கரித் தாரில் கண்டெடுத்தவர் ஃபிரீட்லீப் ஃபெர்டினான்ட் ரூங்கே. சலவைத் தூள் கரைசல் பட்டதும் அது ஊதா நீலமாக மாறியதால், நீலத்தைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லிலிருந்து 'கியனால்' என்று பெயரிட்டார். 1843இல் ஜெர்மானிய வேதியியலாளர் ஹோஃப்மன் எல்லாம் ஒரே பொருள் என்று நிறுவினார். நிலைத்தது ஃபிரிட்சேயின் பெயர்.

ரூங்கேதான் இதில் சுவையான மனிதர். 1794இல் ஹாம்பர்க் அருகே பிறந்தவர். மாணவப் பருவத்தில் பட்டப்பெயர் 'டாக்டர் நஞ்சு'. பெல்லடோனா என்ற நச்சுச் செடியின் சாறு பூனையின் கண்மணியை விரியச் செய்வதை 1819இல் கவிஞர் கோதேவுக்கு நேரில் செய்துகாட்ட, மகிழ்ந்த கோதே காப்பிக் கொட்டைகளைக் கையில் கொடுத்து ஆராயச் சொன்னார். அதிலிருந்து வந்தது கஃபீன். பிறகு ப்ரெஸ்லாவில் பேராசிரியர். அடுத்து ஒரானியன்பூர்க் வேதித் தொழிற்சாலை. அங்கேதான் தாரைக் குடைந்து கியனாலோடு ஃபீனாலையும் கண்டார். தாரிலிருந்து சாயம் செய்யலாம் என்று அவர் சொன்னதை நிர்வாகம் காதில் வாங்கவில்லை. 1856இல் லண்டனில் ஹோஃப்மனின் மாணவர் பெர்கின், தூய்மையற்ற அனிலீனிலிருந்து ஊதாச் சாயம் செய்து பெரும் தொழிலுக்கு வழி திறந்தார். 1867இல் ரூங்கே இறந்தபோது, ஜெர்மனியின் பாஸ்ஃப் (பாடிஷே அனிலின்- உன்ட் சோடா-ஃபாப்ரிக்) வேதி நிறுவனம் தன் பெயரிலேயே 'அனிலின்' என்ற சொல்லைத் தாங்கி நின்றது.

இன்னொரு வேடிக்கை. 1897இல் பாஸ்ஃப் செயற்கை அவுரி நீலத்தைச் சந்தைக்குக் கொண்டுவர, இந்தியாவின் அவுரிச் சாகுபடி சரிந்தது. சில ஆண்டுகளில் அனிலீனையே மூலப்பொருளாகக் கொண்ட செய்முறையும் வந்துவிட்டது. செடி பெயர் கொடுத்தது. பெயர் பெற்றது செடியின் பிழைப்பைப் பறித்தது.

தமிழில்: பாடநூல் வழக்கு அனிலீன். 'நீலக்காரம்' என்றால் பொருள் நீலமாக இருக்குமோ என்று மாணவர் மயங்குவர். 'அவுரியம்' என்றால் சோடியம், கால்சியம் போலத் தனிமம் என்று தோன்றும். என் தெரிவு 'அவுரிக்காரம்': பெயர் பிறந்த செடியும் பொருளின் காரத்தன்மையும் இரண்டும் அதில் இருக்கின்றன. கட்டுரைகளில் முதல்முறை 'அவுரிக்காரம் (அனிலீன்)' என்று எழுதலாம். சமன்பாட்டிலும் தொழிற்சாலைப் பீப்பாயிலும் அனிலீன் என்றே இருக்கட்டும், அங்கே குழப்பம் உயிருக்கே ஆபத்து.