ஜார்ஜ் லோபஸும் வலி காட்டாத சிறுநீரக நோயும்

சிறுநீரக மருத்துவரான நான், உறுப்புக் கொடை குறித்து நோயாளியின் குடும்பத்தாரிடம் பேசும்போது அவ்வப்போது எடுத்துச் சொல்லும் பெயர் ஜார்ஜ் லோபஸ். 1961-இல் லாஸ் ஏஞ்சலஸில் பிறந்த இந்த மெக்சிக்க-அமெரிக்க நகைச்சுவைக் கலைஞர் கைக்குழந்தையாக இருந்தபோதே தந்தை பிரிந்துவிட்டார். பத்து வயதளவில் தாயும் விலகிவிட, தொழிற்சாலையில் உழைத்த தாய்வழிப் பாட்டி பெனிட்டாவும் தாத்தாவுமே அவரை வளர்த்தனர். பாசத்தை வாய்விட்டுச் சொல்லாத, அழுகிற பிள்ளையைத் தேற்றத் தெரியாத அந்த வீடுதான் பின்னாளில் அவருடைய மேடைப் பேச்சுக்குக் கருவாயிற்று.

அவர் சிறுவயதில் போற்றிய கலைஞர் ஃப்ரெடி பிரின்ஸ். 1974-இல் தொடங்கிய ஒரு தொலைக்காட்சித் தொடரில் மெக்சிக்க-அமெரிக்க இளைஞனாக நடித்துப் புகழ்பெற்ற பிரின்ஸ், உண்மையில் புவெர்ட்டோ ரிக்கோ வழி வந்தவர் என்பதால், எங்கள் வேடத்துக்கு எங்களில் ஒருவர் கிடைக்கவில்லையா என்று மெக்சிக்க-அமெரிக்கர்கள் எதிர்ப்புத் தெரிவித்தனர். அந்தக் கேள்விக்கு விடைபோல, நடிகை சாண்ட்ரா புல்லக்கின் முயற்சியால் 2002-இல் ஏபிசி அலைவரிசையில் லோபஸின் பெயரிலேயே ஒரு குடும்பத் தொடர் தொடங்கியது. அதில் வரும் கடுகடுப்பான தாய் பென்னி, பெனிட்டா பாட்டியின் சாயல். 120 பகுதிகளுக்குப் பின் 2007-இல் தொடர் நிறுத்தப்பட்டபோது அவர் வெளிப்படையாகவே கோபப்பட்டார். அதே ஆண்டு அந்த அலைவரிசை குகை மனிதர்களைப் பற்றிய ஒரு தொடரை ஒளிபரப்பியதைப் பார்த்தால் அந்தக் கோபம் நியாயமானதாகவே எனக்குப் படுகிறது.

தொடர் ஓடிக்கொண்டிருந்த காலத்திலேயே, மரபுவழிக் கோளாறு ஒன்றால் அவருடைய சிறுநீரகங்கள் செயலிழந்துவந்தன. 2005 ஏப்ரலில் அவருடைய அப்போதைய மனைவி ஆன் தம் சிறுநீரகம் ஒன்றை அளித்தார். அமெரிக்காவில் லத்தீன் அமெரிக்க வழியினரிடம் சிறுநீரகச் செயலிழப்பு வெள்ளையரைவிட அதிகம். சர்க்கரை நோய் அதற்கு முக்கியக் காரணம். லோபஸின் நோய் அவ்வகையன்று என்றாலும், தங்கள் வீட்டுப் பேச்சைப் பேசும் ஒருவர் தம் நோயையும் மறைக்காமல் சொன்னது, எந்தத் துண்டறிக்கையும் நுழைய முடியாத வீடுகளுக்குள் சென்றிருக்கும் என்றே நினைக்கிறேன்.

ஏனெனில், குடும்பத்தைத் தாங்குபவர் நோய்வாய்ப்படக் கூடாது என்ற எண்ணத்துடன் கடைசி நிலையில் வருபவர்களை நானும் பார்க்கிறேன். சிறுநீரகம் பெரும்பகுதி கெடும்வரை வலிப்பதில்லை. கால் வீக்கமும் களைப்பும் தெரியும்போது பலருக்கு டயாலிசிஸ் நெருங்கியிருக்கும். சர்க்கரை நோயோ உயர் இரத்த அழுத்தமோ உள்ளவர்களும், குடும்பத்தில் சிறுநீரக நோய் உள்ளவர்களும், இரத்தத்தில் கிரியேட்டினின் என்ற கழிவுப்பொருளின் அளவையும் சிறுநீரில் ஆல்புமின் என்ற புரதத்தின் அளவையும் ஆண்டுக்கு ஒரு முறையாவது பார்த்துக்கொள்ள வேண்டும். சிறுநீரகம் கொடுத்தவர்களும், பெரும்பாலும் மனைவியரும் தாய்மாரும், நலமாகத்தான் இருக்கிறோம் என்று பரிசோதனைக்கு வராமல் இருந்துவிடுகிறார்கள்; அவர்களுக்கும் இரத்த அழுத்தமும் கிரியேட்டினினும் வாழ்நாள் முழுவதும் கவனிக்கப்பட வேண்டியவை.