இருள்நகை: ‘பிளாக் காமெடி’க்கு ஒரு தமிழ்ச் சொல்

பெங்களூரு சாந்திநகர் பேருந்து நிலையத்தில் நள்ளிரவில் சேலம் பேருந்துக்காகக் காத்திருப்பவரின் அருகில், நீண்ட சாக்குமூட்டையோடு வந்தமரும் முன்பின் அறியாத ஒருவர், “அண்ணா, உயிரில்லாததுக்கு லக்கேஜ் டிக்கெட்டா, ஆள் டிக்கெட்டா?” என்று பணிவாகக் கேட்கிறார். இங்குள்ள தமிழ் இளைஞர் சிலர் எடுத்த குறும்படம் இப்படித் தொடங்குகிறது. அல்சூரில் நண்பர் வீட்டில் அதைப் பார்த்தபோது முதலில் சிரித்தோம். பிறகு, சிரித்துவிட்டோமே என்று ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டோம். சாவு, கொலை, நோய் என நகைக்கத் தகாதவையாக ஒதுக்கியவற்றையே நகைக்குப் பொருளாக்கும் இவ்வகைக்குப் ‘பிளாக் காமெடி’ என்பது வழக்குப் பெயர்.

‘கறுப்பு நகை’ என்னும் பொருள்படும் பிரெஞ்சுத் தொடரைப் பரப்பியவர் பிரெஞ்சுக் கவிஞர் ஆந்த்ரே பிரெத்தோன். 1940இல் அவர் அதையே தம் தொகுப்புக்குத் தலைப்பாக்கி, அயர்லாந்து அங்கத எழுத்தாளர் ஜோனதன் ஸ்விஃப்டை இவ்வகையின் முன்னோடியாக வைத்தார். ஏழைக் குழந்தைகளை உணவாக விற்கலாம் என்று 1729இல் முகம் சுளிக்காமல் ‘யோசனை’ எழுதியவருக்கு அந்த இடம் பொருந்தும்.

‘கறுப்பு நகைச்சுவை’ என்று அதை அப்படியே பெயர்ப்பதில் ஓர் இடர் உண்டு. “கறுப்பும் சிவப்பும் வெகுளிப் பொருள” என்கிறது தொல்காப்பியம். பழந்தமிழில் கறுத்தல் என்றால் சினத்தல். நம் குறும்படத்தில் எவரும் சினப்பதில்லை. பலர் எழுதும் ‘அவல நகைச்சுவை’ இதனினும் மேல் என்றாலும், அவலம் அழுகையைச் சார்ந்தது; அந்த மூட்டையைப் பார்த்து எவரும் அழுவதுமில்லை, அஞ்சுகிறார்கள். உணர்ச்சி வெளிப்பாடுகளைப் பேசும் தொல்காப்பிய மெய்ப்பாட்டியல் நகைக்கு எள்ளல், இளமை, பேதைமை, மடன் என்றும், அச்சத்துக்கு அணங்கு, விலங்கு, கள்வர், தம் இறை என்றும் நந்நான்கு நிலைக்களன்களைச் சொல்கிறது. வந்தவரின் கேள்வி பேதைமை. அவர் கள்வரா என்னும் ஐயம் அச்சம். இரண்டும் ஒரே நொடியில் எழுவதே இவ்வகையின் உயிர்நிலை.

ஆகவே ‘இருள்நகை’ என்பேன். ‘கருநகை’ சுருக்கமானதுதான், ஆனால் ‘கரு’ என்றதும் சிலருக்குச் சூல் நினைவுக்கு வரும். இருளோ அச்சத்தையும் அறியாமையையும் ஒருங்கே தரும்: “இருள்சேர் இருவினையும்” என்னும் குறளுக்கு உரை கண்ட பரிமேலழகர், இன்ன தன்மையது என்று எவராலும் கூறப்படாமையால் அறியாமை இருள் எனப்பட்டது என்கிறார். மூட்டையும் அத்தகையதே. படம் முடியும்வரை அதை எவரும் அவிழ்ப்பதில்லை. நடத்துநர் சற்றே யோசித்து, லக்கேஜ் டிக்கெட் கொடுக்கிறார்.