வியர்வையைச் சேமிக்கும் உடையும் கறுப்பு அங்கியும்

என் தங்கை மகன் ஒரு மாயாஜாலக் கதை எழுதுகிறான். இரண்டு சூரியன்கள் காய்கிற ஒரு பாலைவனம், அதில் கூடாரத்தைச் சுருட்டித் தோளில் போட்டுக்கொண்டு அலையும் ஒரு கூட்டம். அவர்களுக்கென்று ஒரு உடையும் கண்டுபிடித்திருக்கிறான். உடம்போடு ஒட்டிய வெள்ளை உடை. வியர்வையில் ஒரு சொட்டுகூட வெளியே போகாது. அத்தனையும் வடிகட்டப்பட்டுக் குழாய் வழியாக வாய்க்கே வந்துவிடும். "எப்படி மாமா?" என்றான். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் அதைப் போட்டுக்கொண்டு நடந்தால் அவனுடைய நாயகன் முதல் நாள் மத்தியானத்தையே தாண்டமாட்டான்.

நம் தோலின் வெப்பநிலை சுமார் 35 டிகிரி. வெளிக்காற்று அதைவிடக் குளிர்ந்திருக்கும்வரை உடம்புச் சூடு தானாக வெளியேறும். காற்றே 45 டிகிரியில் இருந்தால் கதை தலைகீழ். காற்றிலிருந்து சூடு உடம்புக்குள் ஏறும். மேலே வெயில் வேறு. சும்மா உட்கார்ந்திருந்தாலே உடம்பு 100 வாட் அளவுக்குச் சூட்டை உண்டாக்குகிறது, நடந்தால் அது இரண்டு மூன்று மடங்காகும். இத்தனையும் வெளியேற மிச்சமிருக்கும் ஒரே வாசல் வியர்வைதான்.

அதுவும் வழிந்து ஓடினால் பிரயோசனமில்லை, ஆவியாக வேண்டும். ஒரு லிட்டர் வியர்வை ஆவியாகும்போது சுமார் 2,400 கிலோஜூல் வெப்பத்தைத் தோலிலிருந்து உறிஞ்சிக்கொள்கிறது. மணிக்கு ஒரு லிட்டர் என்றால் கிட்டத்தட்ட 670 வாட். ஒரு அயர்ன் பாக்ஸ் கக்குகிற சூட்டை உடம்பு வெறும் தண்ணீரை வைத்தே வெளியே தள்ளுகிறது. மண்பானைத் தண்ணீர் குளிர்வதும் இதே கணக்கில்தான்.

மருமகனின் உடை மாட்டிக்கொள்வது இங்கேதான். ஆவியான வியர்வை உடைக்குள்ளேயே மறுபடி தண்ணீரானால், தோலிலிருந்து எடுத்த 2,400 கிலோஜூலையும் அங்கேயே இறக்கிவிடும். நம்பிக்கை இல்லையென்றால் இட்லிக் குண்டானை நினைத்துப் பாருங்கள். நீராவி மாவின்மேல் பட்டுத் தண்ணீராகும்போது விடுகிற வெப்பத்தில்தான் பெரும்பாலும் இட்லி வேகிறது. நாயகன் தன்னைத்தானே மெல்ல அவித்துக்கொண்டு நடப்பான். அந்தச் சூட்டை வெளியேற்ற ஃபிரிட்ஜில் இருப்பதுபோல ஒரு கம்ப்ரசர் வேண்டும், அதற்கு மின்சாரம் வேண்டும். சரி, அதை யார் சுமப்பது?

"அப்போ நிஜப் பாலைவனக்காரங்க என்னதான் மாமா போடுறாங்க?"

அரபுப் பாலைவனங்களின் நாடோடி மக்களான பெதூயின்கள் தொளதொளவென்று அங்கி போடுகிறார்கள். அதிலும் சிலர் கறுப்பு அங்கி. கறுப்பு வெயிலை உறிஞ்சும் என்று பள்ளிக்கூடப் பிள்ளைக்குத் தெரியும், தலைமுறை தலைமுறையாகப் பாலைவனத்தில் வாழ்கிறவர்களுக்குத் தெரியாதா? அமிராம் ஷ்கோல்னிக், ரிச்சர்ட் டெய்லர் உட்பட நாலு ஆய்வாளர்கள் இதைச் சோதித்து 1980-இல் நேச்சர் என்ற அறிவியல் இதழில் எழுதினார்கள். சோதனை எளிமையானது. இஸ்ரேலின் நெகேவ் பாலைவனத்து மத்தியான வெயிலில் ஓர் ஆளைச் சூரியனைப் பார்த்து நிற்கவைத்தார்கள். கறுப்பு அங்கி, வெள்ளை அங்கி, ராணுவச் சீருடை, வெறும் அரைக்கால் சட்டை என்று மாற்றி மாற்றிப் போடவைத்து அளந்தார்கள். நின்றவர் பாடு எப்படி இருந்திருக்கும் என்று நினைத்தாலே நமக்கு வியர்க்கிறது. வெப்பநிலை 35-லிருந்து 46 டிகிரி வரை.

கறுப்புத் துணி வெள்ளையைவிட 6 டிகிரி வரை அதிகமாகச் சூடேறியது. ஆனால் உள்ளே இருந்தவர் உடம்பில் ஏறிய சூடு இரண்டிலும் ஒன்றே. கூடுதல் சூடு தோலைத் தொடுவதற்குள் வெளியேறிவிட்டது. தொளதொள அங்கிக்கும் உடம்புக்கும் நடுவே காற்று இருக்கிறதல்லவா? துணி சூடானால் அந்தக் காற்றும் சூடாகி, புகைபோக்கியில் போவதுபோல மேலேறிக் கழுத்து வழியாகப் போகும். கீழிருந்து புதுக்காற்று வரும். நடக்கும்போதும் காற்றடிக்கும்போதும் துணி படபடத்துத் துருத்திபோல வேலை செய்யும்.

இதைப் படித்துவிட்டு "கறுப்புதான் குளிர்ச்சி" என்று சொல்லித் திரிகிறவர்கள் உண்டு. ஆய்வு அப்படிச் சொல்லவில்லை, இரண்டும் சமம் என்றுதான் சொல்கிறது. அதுவும் தொளதொள அங்கிக்குத்தான். உடம்பைப் பிடிக்கிற கறுப்பு டி-ஷர்ட்டுக்கு இந்தச் சலுகை கிடையாது. காற்று வறண்டும் இருக்க வேண்டும். மே மாதச் சென்னையில் வியர்வை ஆவியாகவே தயங்கும். அங்கே எந்த அங்கியும் பெரிதாகக் காப்பாற்றாது.

புறாச் சிறகுகளை வைத்து 1978-இல் நடந்த ஓர் ஆய்வு இன்னும் சுவாரசியம். விநாடிக்கு 3 மீட்டரைத் தாண்டிக் காற்றடித்தால், சிலிர்த்த கறுப்புச் சிறகு வெள்ளையைவிடக் குறைவான சூட்டையே உள்ளே விடுகிறதாம். வெள்ளைச் சிறகில் ஒளி சிதறிச் சிதறித் தோல்வரை இறங்கிவிடுகிறது. கறுப்போ மேற்பரப்பிலேயே அதைப் பிடித்துக்கொள்கிறது, காற்று வந்து அள்ளிக்கொண்டு போய்விடுகிறது.

அப்புறம், அவன் கூட்டத்துக்கு ஒட்டகமும் உண்டு. பாலைவனம் என்றதும் ரோமமே இல்லாத விலங்காக வரைந்திருந்தான். அதையும் மாற்றச் சொன்னேன். சகாராவில் 1950-களில் ஷ்மிட்-நீல்சன் என்ற விலங்கு உடலியல் ஆய்வாளர் ஒட்டகத்தின் முடியை மழித்துப் பார்த்தார். மழித்த ஒட்டகத்துக்குப் பாதி மடங்கு கூடுதலாக வியர்த்தது. தண்ணீர் கிடைக்காத ஒட்டகம் காலையில் 34 டிகிரியில் ஆரம்பித்து மாலைக்குள் 40 டிகிரிவரை உடம்பைச் சூடேறவிடும். இரவுக் குளிரில் அந்தச் சூட்டை இலவசமாக வெளியேற்றும். 500 கிலோ ஒட்டகத்துக்கு இதனால் மிச்சமாவது நாலு லிட்டருக்கு மேல் தண்ணீர்.

போன வாரம் உடையை மாற்றிவிட்டான். நேற்று ராத்திரி அடுத்த கேள்வி: "கூடாரத் துணியில ஓட்டை ஓட்டையா இருக்குன்னு எழுதியிருக்கேன், மழை பெஞ்சா?"

அதைச் சரியாகவே எழுதியிருக்கிறான். பெதூயின்களின் பாரம்பரியக் கூடாரம் கறுப்பு ஆட்டுமுடியில் பெண்கள் பட்டை பட்டையாக நெய்து தைப்பது. 'முடியாலான வீடு' என்ற பொருளில்தான் அரபியில் அதற்குப் பெயர். பகலில் உள்ளே நின்று அண்ணாந்து பார்த்தால் நெசவின் இடுக்குகளில் ஊசிமுனை ஊசிமுனையாக வெளிச்சம் தெரியும். சூடான காற்று அந்த இடுக்குகள் வழியாக மேலே போய்விடும். மழை விழுந்தால் முதலில் கொஞ்சம் சொட்டும். அதற்குள் நனைந்த நூல் உப்பி, ஓட்டைகள் ஒவ்வொன்றாக அடைபட்டுவிடும்.