முத்துக்குள் ஒரு ஜன்னல்

“ஸ்ட்ரிங் ஆஃப் பேர்ல்ஸ் செடி வாங்கி நாலு மாதம் ஆகிறது, கீழே தொங்கும் சரமெல்லாம் நன்றாகத்தான் இருக்கிறது, தொட்டியின் மேல்பக்கம் மட்டும் மொட்டையாகிக்கொண்டே வருகிறது, தண்ணீர் போதவில்லையா?” என்று ஒரு வாசகி கேட்டு, படமும் அனுப்பியிருந்தார். படத்தைப் பார்த்ததுமே விஷயம் புரிந்துவிட்டது. தொட்டி கூரையை ஒட்டித் தொங்குகிறது, ஜன்னலோ அதற்கு இரண்டடி கீழே இருக்கிறது. சரங்களுக்கு வெளிச்சம் கிடைக்கிறது, மண்ணின் மேல் கிடக்கும் பகுதிக்குச் சுத்தமாக இல்லை.

சரத்தில் முத்துக் கோத்தது போலிருக்கும் அந்தப் பச்சை உருண்டைகள் காய்கள் என்றுதான் பலர் நினைக்கிறார்கள். இல்லை, ஒவ்வொன்றும் ஒரு முழு இலை. செடியின் சொந்த ஊர் தென்னாப்பிரிக்காவின் வறண்ட நிலம். அங்கே இது தொங்குவதே கிடையாது, புதருக்கும் பாறைக்கும் அடியில் அரைநிழலில் தரையோடு தரையாகப் படர்ந்து, கணுவுக்குக் கணு வேர் விடும். சூரியகாந்திக் குடும்பம் என்றால் நம்ப மாட்டீர்கள், பூவைப் பார்த்தால் நம்புவீர்கள். அறிவியல் பெயர் மட்டும் குழப்பம்: 1968-இல் வைத்தது செனெசியோ ரௌலியானஸ், இப்போது கியூரியோ ரௌலியானஸ்.

சரி, இலை ஏன் உருண்டையாக இருக்க வேண்டும்? கணக்குப் போட்டுப் பார்க்கலாம். 6 மில்லிமீட்டர் விட்டமுள்ள ஒரு முத்தின் கொள்ளளவு சுமார் 113 கன மில்லிமீட்டர், மேற்பரப்பும் (தற்செயலாக அதே எண்தான்) 113 சதுர மில்லிமீட்டர். இதே முத்தைத் தட்டி, கால் மில்லிமீட்டர் தடிமனுள்ள சாதாரண இலையாக்கினால், இரண்டு பக்கமும் சேர்த்து 900 சதுர மில்லிமீட்டருக்கு மேல் வரும். அதாவது எட்டு மடங்கு தோல், நீர் ஆவியாகிப் போக எட்டு மடங்கு இடம். ஒரே அளவு நீரை மிகக் குறைந்த தோலால் போர்த்த வேண்டுமென்றால் உருண்டையை விட்டால் வேறு வடிவமே இல்லை.

ஆனால் இலையின் வேலை தண்ணீரைப் பத்திரப்படுத்துவது மட்டுமா? வெளிச்சம் பிடிக்க வேண்டும், அதற்குப் பரப்பு வேண்டும், அந்தப் பரப்பைத்தான் செடி விட்டுக்கொடுத்துவிட்டதே! இங்கேதான் எனக்கு மிகவும் பிடித்த சங்கதி வருகிறது. ஒரு முத்தை விரல்களுக்கிடையில் மெதுவாகத் திருப்பிப் பாருங்கள். ஒரு பக்கம் காம்பிலிருந்து நுனி வரை மெல்லிய கோடு ஓடும், சுற்றியுள்ள பச்சையைவிடக் கொஞ்சம் கருத்து, ஈரம் பட்ட கண்ணாடி மாதிரி. அது வெடிப்பு இல்லை, ஜன்னல். அந்த இடத்தில் தோல் ஒளி ஊடுருவும்படி இருக்கிறது. உள்ளே நடுவில் இருப்பது நீர் நிறைந்த, ஏறக்குறைய நிறமற்ற திசு. கோடு வழியாக நுழையும் ஒளி அதைக் கடந்து, ஓரத்திலுள்ள பச்சைச் செல்களை உள்பக்கத்திலிருந்தும் தொடுகிறது. வெளியே ஒரு சதுர மில்லிமீட்டர்கூடக் கூட்டாமல் உள்ளேயே பரப்பைச் சம்பாதித்துக்கொள்கிற தந்திரம்! லித்தாப்ஸ், ஹவொர்தியா போன்ற வேறு சில செடிகளும் தனித்தனியாக இதே வழிக்கு வந்து சேர்ந்திருக்கின்றன. ‘இலையில் இருக்கிற ஒரு கோட்டை ஆராய ஏன் பணம் கொடுக்க வேண்டும்’ என்று கேட்பவர்களிடம் ஒரு முத்தையும் உருப்பெருக்கியையும் கொடுத்துவிட்டு நகர்ந்துவிட வேண்டும் என்பது என் கட்சி.

இந்தக் கோடே உங்களுக்குத் தண்ணீர் மானியும்கூட. முத்து திரண்டு, கோடு தெளிவாகத் தெரிந்தால் சும்மா இருங்கள். கோடு குறுகி, தோல் லேசாகச் சுருங்கினால் ஊற்றுங்கள், தொட்டியின் அடித்துளை வழியாக வழிகிற அளவுக்கு ஊற்றி, அப்புறம் மண் நன்றாகக் காயும்வரை கை வைக்காதீர்கள். ‘வாரம் ஒருமுறை’ என்ற விதியை நம்பி நான் ஒரு செடியைக் கொன்றிருக்கிறேன். முதலில் முத்துகள் ஊதின, பிறகு வெடித்துக் கொழகொழத்தன, மண்ணைக் கிளறினால் வேர் நூல் மாதிரி அறுந்து வந்தது. ஈரம் வடியாத மண்ணில் வேருக்குக் காற்று கிடைக்காது, மூச்சு முட்டி அழுகிவிடும். பெருமணலோ பெர்லைட்டோ (இலேசான வெள்ளைக் கல்துகள்) தாராளமாகக் கலந்த மண்ணும் ஆழமில்லாத தொட்டியும் போதும்.

மொட்டைக்கு வருவோம். தொட்டியை ஜன்னல் மட்டத்துக்கு இறக்குங்கள், வெளிச்சம் மேலிருந்தும் விழட்டும், ஆனால் உச்சிவெயில் நேராக வேண்டாம். நீளமான இரண்டு சரங்களை வெட்டி, மொட்டையான மண்ணின் மேல் வட்டமாகச் சுற்றி வைத்து, கொண்டை ஊசியால் அங்கங்கே அழுத்துங்கள். புதைக்கத் தேவையில்லை, கணு மண்ணில் பட்டாலே போதும். சில வாரம் கழித்து சரத்தை லேசாக இழுத்துப் பாருங்கள், வர மறுத்தால் வேர் பிடித்துவிட்டது.