திறப்பைத் திருப்ப முதல் கையால் இரண்டு சுற்று

மாசி மாதம். வன்னியில் காலபோக நெல் வெட்டு மும்முரமாக நடக்கும் நேரம். பரந்தன் பக்கத்திலிருந்து ஐயா ஒருவர் தன்னுடைய டொயோட்டா ஹைலக்ஸை எங்கள் கராஜுக்குக் கொண்டுவந்தார். 3எல் டீசல் எஞ்சின், 2779 சிசி. காலையில் ஸ்டார்ட் எடுக்க நெடுநேரம் பிடிக்கிறது, எடுத்த பிறகும் பத்து நிமிடத்துக்குக் கண்ணெரிய வெள்ளைப் புகை தள்ளுகிறது, பன்னிரண்டு மூட்டை ஏற்றினால் வயல் பாதையிலிருந்து தார் றோட்டுக்கு ஏறவே திணறுகிறது என்றார். ஏற்கெனவே ஓரிடத்தில் டீசலைத் தெளிக்கும் இன்ஜெக்டர் நான்கையும் மாற்றியாயிற்று. அதிலும் சரிவராமல் டீசல் பம்ப் பழுது என்று அதையும் கழற்றிச் செய்வித்துப் பூட்டியாயிற்று. அறுவடைக் காசில் பெரும் பங்கு அதற்கே போய்விட்டது.

நான் கேட்டது ஒன்றுதான். "ஐயா, இது எப்ப தொடங்கினது?"

"டைமிங் பெல்ட் மாத்தின நாளிலயிருந்து தான் தம்பி."

பெல்ட் மூடியைத் திறந்து, பிஸ்டன்கள் சுழற்றும் தண்டான கிராங்கைக் கையால் சுற்றி, கம்பனி வைத்த குறிக்குக் கொண்டுவந்தேன். கிராங்க் குறி சரி. வால்வுகளைத் திறக்கும் தண்டான காமின் குறியும் சரி. பம்ப் புலியின், அதாவது பெல்ட் ஓடும் பல்லுச் சக்கரத்தின், குறி ஒரு பல் பின்னுக்கு நின்றது. புலியின் விளிம்பில் டிப்பெக்ஸால் வைத்த வெள்ளைப் பொட்டு ஒன்று மட்டும் கோட்டுக்கு நேராக இருந்தது. பெல்ட் மாற்றியவர் பிழையான இடத்தில் பூட்டி, அடையாளத்துக்கென்று அந்தப் பொட்டையும் வைத்திருக்கிறார். பிறகு பம்பைக் கழற்றியவர் அந்தப் பொட்டையே நம்பி, திரும்பவும் அதே பிழையான பல்லில் பூட்டியிருக்கிறார். இன்ஜெக்டரில் குற்றமில்லை, பம்பில் குற்றமில்லை.

ஒரு பல் இவ்வளவு செய்யுமா என்று கேட்பவர்களுக்காக ஒரு சின்னக் கணக்கு. கிராங்க் புலியில் 24 பல் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒரு சுற்று 360 பாகை, ஆகவே ஒரு பல்லுக்கு 15 பாகை. டீசலில் ஸ்பார்க் பிளக் கிடையாது. பிஸ்டன் காற்றை நெருக்க நெருக்க அது 500 பாகை செல்சியசுக்கும் மேல் சூடாகிறது. அந்தச் சூட்டில் பம்ப் இன்ஜெக்டர் வழியாக டீசலைத் தெளிக்கிற கணத்தில்தான் தீ பிடிக்கிறது. அதாவது பம்ப் தெளிக்கும் நேரம்தான் டீசலின் டைமிங். அது 15 பாகை பிந்தினால், பிஸ்டன் கீழே இறங்கத் தொடங்கி, காற்றின் சூடும் அழுத்தமும் தணியத் தொடங்கிய பிறகு டீசல் வந்து சேருகிறது. பாதி எரியாமல் வெள்ளைப் புகையாக வெளியே போகிறது. 2000 ஆர்பிஎம்மில், அதாவது நிமிடத்துக்கு 2000 சுற்றில், இந்த 15 பாகை என்பது ஒரு வினாடியை 800 ஆகப் பிரித்தால் வரும் ஒரு பங்கு. அந்த ஒரு பங்குதான் ஐயாவின் மூட்டைகளை வயலிலேயே நிறுத்தி வைத்தது.

மற்றப் பக்கம் பிழைத்தால், அதாவது முந்திவிட்டால், எஞ்சின் இரும்பில் சுத்தியலால் அடிப்பதுபோலக் கடகடவென்று அடிக்கும். ஏறிவருகிற பிஸ்டனின் தலையில் தீ விழுகிற சத்தம் அது. சிலர் அதை "நல்ல இழுவை" என்று நினைத்து ஓடுவார்கள். சிலிண்டர்களை மேலே மூடும் ஹெட்டின் காஸ்கெட்டும் பிஸ்டனும் கடைசியில் அதற்குப் பதில் சொல்லும்.

சரி, குறி வைப்பதற்கு வருவோம். இங்கே அதிகம் ஓடுகிற பழைய ஹைலக்ஸ்களின் 2எல், 3எல், 5எல் எஞ்சின்களை வைத்தே சொல்கிறேன். மூன்றிலும் ஒரே பெல்ட்தான் கிராங்க், பம்ப், காம் எல்லாவற்றையும் கட்டிப் பிடித்திருக்கிறது. கிராங்க் இரண்டு முறை சுற்ற, காமும் பம்பும் ஒரு முறை சுற்றும். இதனால் 1ஆம் பிஸ்டன் உச்சிக்கு வருவது, நாங்கள் டிடிசி என்று சொல்வது, ஒரு முழு வேலைச் சுற்றில் இரண்டு தடவை நடக்கிறது. ஒன்று காற்றை நெருக்கி முடிக்கும்போது, மற்றது புகையைத் தள்ளி முடிக்கும்போது. கிராங்க் குறி இரண்டு தடவையும் ஒரேமாதிரித்தான் நேராக நிற்கும், எது எது என்று அதற்குத் தெரியாது. காமைப் பார்த்துத்தான் பிரித்தறிய வேண்டும். 1ஆம் சிலிண்டரின் இரண்டு வால்வுகளும் மூடி, இடைவெளி விட்டுத் தளர்வாக இருந்தால் அது நெருக்கி முடித்த டிடிசி. அந்த நேரத்தில் 4ஆம் சிலிண்டரில் ஒரு வால்வு மூடிக்கொண்டும் மற்றது திறந்துகொண்டும் இருக்கும். வேலை பழகும் பொடியன்களுக்கு நான் முதலில் காட்டுவது இதைத்தான். புலிக் குறிகளோடு இதையும் பார்த்துவிட்டால் சந்தேகத்துக்கு இடமிருக்காது.

பெல்ட் அறுந்து வந்த வாகனம் என்றால் இன்னொரு கவனம் வேண்டும். காம் எங்கே நிற்கிறது என்று யாருக்கும் தெரியாது, ஏதோ ஒரு வால்வு திறந்தபடி கீழே தொங்கிக்கொண்டிருக்கும். அந்த நிலையில் கிராங்கைச் சுற்றினாலோ காமைச் சுற்றினாலோ பிஸ்டனும் வால்வும் முட்டும். இந்த எஞ்சின்கள் காற்றை ஏறத்தாழ 22க்கு 1 என்று நெருக்குபவை. உச்சியில் பிஸ்டனுக்கும் ஹெட்டுக்கும் நடுவே கிடைக்கிற இடம் மிகவும் சொற்பம். அதனால் முதலில் கிராங்கை டிடிசியிலிருந்து கால் சுற்று விலக்குங்கள். அப்போது நான்கு பிஸ்டன்களும் சிலிண்டரின் நடுப்பகுதியில் நிற்கும். பிறகு காமை அதன் குறிக்குக் கொண்டுவாருங்கள். கடைசியாகக் கிராங்கை வந்த வழியே டிடிசிக்குத் திருப்புங்கள். விலக்கும்போதே ஏதாவது தட்டுப்பட்டால் நிறுத்திவிட்டு மற்றப் பக்கம் பாருங்கள். அறுந்த வேகத்தில் வால்வு ஏற்கெனவே வளைந்திருக்கவும் கூடும், ஆகவே புது பெல்ட் போட முன் கொம்பிரஷன், அதாவது சிலிண்டரின் நெருக்கும் அழுத்தம், பார்த்துவிடுவது நல்லது.

குறிகள் பொய் சொல்வதும் உண்டு. ஐயாவின் பம்ப் புலியில் வெள்ளைப் பொட்டு ஒன்றுதான் இருந்தது. மூன்று நிறத்தில் மூன்று பொட்டுகள் உள்ள புலிகளையும் பார்த்திருக்கிறேன், ஒவ்வொன்றும் ஒவ்வொரு கை வைத்தது. மண்ணெண்ணெயும் கம்பித் தூரிகையும் எடுத்து எல்லாவற்றையும் தேய்த்துக் கழுவினால்தான், கம்பனி வெட்டிய சின்னக் கீறல் வெளியே வரும். நம்ப வேண்டியது அதை மட்டும். கிராங்கின் முன் புலி நடுவில் ரப்பர் வைத்த வகையென்றால், ரப்பர் விட்டு வெளி வளையம் தனியே நகர்ந்திருக்கலாம். அப்போது அதிலுள்ள கோடு எதையும் காட்டாது. புலியைக் கழற்றி, உள்ளே பெல்ட் ஓடும் பல்லுப் புலியின் குறியையும், புலியைக் கிராங்கில் நகராமல் பிடிக்கும் சாவிக்கட்டையையும் பாருங்கள். கிராங்க் போல்ட் சரியாக இறுகாமல் ஓடிய எஞ்சினில் சாவிக்கட்டை தேய்ந்து, புலியே ஆடும். பெல்ட் வேலை செய்யும்போது இதைக் கண்டால், அதையும் சேர்த்துச் செய்யாமல் மூடி போடாதீர்கள்.

பார்க்கிற கோணமும் பிழைக்க வைக்கும். பொனட்டின் மேலால் குனிந்து பார்த்தால் பம்ப் குறி அரைப்பல் தள்ளி நிற்பதுபோல் இருக்கும். குந்தியிருந்து, கண்ணைக் குறிக்கு நேராக வைத்துப் பாருங்கள். கண் போகாத இடத்துக்குக் கைபேசி போகும். படம் எடுத்துப் பெரிதாக்கினால் வடிவாகத் தெரியும்.

இனிப் பெல்ட் போடும் நேரம். பழைய பெல்ட்டைக் கழற்றியதும் பம்ப் புலி சும்மா நிற்காது. உள்ளேயுள்ள ஸ்பிரிங் அழுத்தத்தால் குறியை விட்டுத் துள்ளி விலகும். முதல் தடவை பார்க்கிறவர்கள் பயந்துபோவார்கள், பயப்பட ஒன்றுமில்லை. ஸ்பனர் போட்டு ஆறுதலாகக் குறிக்குக் கொண்டுவந்து, ஒருவர் அப்படியே பிடித்திருக்க வேண்டும். ஐயாவின் எஞ்சினில் பிழை நடந்ததும் இந்த இடத்தில்தான் என்று நினைக்கிறேன். தனியாக நின்று வேலை செய்பவர் பெல்ட்டை மாட்டுகிற அவசரத்தில் புலி ஒரு பல் நழுவியதைக் காணமாட்டார். பெல்ட்டின் இழுவைப் பக்கத்தில், அதாவது கிராங்க் இழுக்கிற பக்கத்தில், தளர்வே இருக்கக் கூடாது. மிஞ்சுகிற தளர்வு முழுவதும் பெல்ட்டை இறுக்கிப் பிடிக்கும் டென்ஷனர் பக்கம் வந்து சேர வேண்டும். இழுவைப் பக்கத்தில் கொஞ்சம் தளர்வை விட்டுவிட்டு மூன்று குறியும் நேராக நிற்கிறதே என்று திருப்திப்பட்டால், சுற்றத் தொடங்கியதும் அந்தத் தளர்வு ஒரு பல்லாக மாறும்.

டென்ஷனருக்கு ஸ்பிரிங் இருக்கிறது. ஸ்குரூ டிரைவரால் நெம்பி இறுக்கும் வேலை வேண்டாம். கூட இறுகினால் பெல்ட் கீச்சிடும், பெயாரிங் போகும். போல்ட்டுகளைத் தளர்த்தி, ஸ்பிரிங் தன் பாட்டில் இழுக்க விடுங்கள். பிறகுதான் நான் தலைப்பில் சொன்னது.

கிராங்க் போல்ட்டில் சொக்கெட்டைப் போட்டு, மணிக்கூடு சுற்றும் பக்கமாகக் கையால் இரண்டு முழுச் சுற்று. பின்பக்கம் சுற்றக் கூடாது, தளர்வு இழுவைப் பக்கத்துக்கு ஓடிப் பல் தாண்டும். குளிர் ஸ்டார்ட்டுக்குச் சிலிண்டரைச் சூடாக்கும் ஹீட்டர் பிளக் நான்கையும் கழற்றிவிட்டால் கை நோகாது, எஞ்சின் என்ன சொல்கிறது என்பதும் கைக்குத் தெரியும். ஹீட்டர் பிளக் கழற்றாமல் சுற்றினால் நெருக்கும் இடத்தில் எதிர்ப்பு வரும். அது மெத்தையை அமத்துவதுபோல இருக்கும், கொஞ்ச நேரம் அழுத்திப் பிடித்திருந்தால் காற்றுக் கசிந்து தானாகவே விட்டுக்கொடுக்கும். வால்வு பிஸ்டனில் முட்டுவது அப்படியில்லை. சுவரில் கை வைத்தமாதிரி, செத்த நிறுத்தமாக நிற்கும். அந்த இடத்தில் ஒரு அங்குலம்கூடப் பலவந்தம் பண்ணாதீர்கள். கையால் சுற்றும்போது தட்டினால் நட்டம் ஒரு மணித்தியாலம். அதே பிழையோடு ஸ்டார்ட்டரை அடித்தால் நட்டம் வால்வுகள், சிலவேளை முழு ஹெட்டும்.

ஒரு சுற்று முடிந்ததும் காம் குறி எதிர்ப்பக்கத்தில் நிற்கும். அது பிழையில்லை, பாதி வழிதான் வந்திருக்கிறது. இரண்டாவது சுற்றின் முடிவில் மூன்று குறிகளும் தத்தம் கோட்டில் வந்து நிற்க வேண்டும். நின்றால் டென்ஷனர் போல்ட்டுகளை இறுக்குங்கள். அரைப்பல் விலகினாலும் கழற்றித் திரும்பச் செய்யுங்கள். "கிட்டத்தட்டச் சரி" என்ற ஒன்று பல்லுப் பெல்ட்டில் இல்லை.

இசுசு 4ஜேபி1 போலப் பற்சக்கரத்தால் ஓடும் எஞ்சின்காரருக்கு ஒரு குறிப்பு. அதில் நடுவே இடைச்சக்கரம் இருக்கிறது. பூட்டும்போது அதன் குறிகள் எல்லாம் பொருந்தி நிற்கும், கிராங்கை இரண்டு முறை சுற்றிப் பார்த்தால் பொருந்தாது. பல் எண்ணிக்கை அப்படி, திரும்பப் பொருந்தப் பல சுற்றுகள் எடுக்கும். பிழைத்துவிட்டதென்று பதறிக் கழற்றாதீர்கள்.

பம்பைக் கழற்றிப் பூட்டியிருந்தால் பல்லுக் குறி மட்டும் போதாது. பம்ப் உடலும் அதன் நீள்துளைகளில் கொஞ்சம் திரும்பும், அந்தச் சின்ன அசைவும் டைமிங்தான். பம்பின் தலையில் நடுப்போல்ட்டைக் கழற்றி டயல் கேஜ் பூட்டி, ஊசி அசையாமல் நிற்கும் இடத்தில் பூச்சியம் வைத்து, டிடிசி வரை சுற்றினால், பம்பினுள் டீசலைத் தள்ளும் பிளஞ்சர் எவ்வளவு நகர்ந்தது என்று நூறில் ஒரு மில்லிமீற்றர் வரை காட்டும். அந்த அளவு எஞ்சினுக்கு எஞ்சின் வேறு, உங்கள் எஞ்சினின் புத்தகத்தைப் பார்த்தே வையுங்கள். குளிர் ஸ்டார்ட் லீவர் உள்ள பம்பில் அதை விடுவித்துவிட்டுத்தான் அளக்க வேண்டும், இல்லாவிட்டால் டைமிங் முந்தி நிற்பதாகக் காட்டும். காதால் கேட்டு டைமிங் வைக்கும் மூத்தவர்களை நான் மதிக்கிறேன், அவர்களிடம்தான் தொழில் பழகினேன். ஆனால் தேய்ந்த எஞ்சினின் சத்தம் காதை ஏமாற்றும், டயல் கேஜை ஏமாற்றாது.

பிந்தி வந்த டொயோட்டா 1கேடி, 2கேடி கொமன் ரெயில் எஞ்சின்களில் தெளிக்கும் நேரத்தைக் கம்பியூட்டர் பார்த்துக்கொள்கிறது. ஆனாலும் காமைப் பெல்ட்தான் ஓட்டுகிறது, காம் குறியின் கவனம் அப்படியே வேண்டும். 2015இல் வந்த ஜிடி எஞ்சின்களில் செயின்.

பெல்ட் எப்போது மாற்றுவது? பழைய டொயோட்டா டீசல்களில் 100,000 கிலோமீற்றருக்கு ஒருமுறை டாஷ்போர்டில் டி-பெல்ட் என்று ஒரு விளக்கு எரியும். நல்ல ஏற்பாடு. ஆனால் மீற்றர் மாற்றிய வாகனத்தில் அந்த விளக்கை நம்பிப் பயனில்லை. பல்பையே கழற்றி எறிந்த வாகனங்களும் என் கைக்கு வந்திருக்கின்றன. பழைய கெப் ஒன்று வாங்கினால், பெல்ட் எப்போது மாற்றியது என்று உறுதியாகத் தெரியாவிட்டால், உடனே மாற்றுங்கள். ஓடாமல் கொட்டிலில் நின்ற வாகனத்திலும் ரப்பர் காய்ந்து வெடிக்கும். எண்ணெய் நனைத்த பெல்ட்டைத் துடைத்துப் பூட்ட வேண்டாம். கசியும் சீலை முதலில் மாற்றுங்கள்.

வாகனம் வைத்திருப்பவர்களிடம் ஒரு வேண்டுகோள். பெல்ட் மாற்றக் கொடுக்கும் நாளில் அவசரப்படுத்தாதீர்கள், கெதியாகத் தாருங்கள் என்று பக்கத்தில் நின்றால்தான் இரண்டு சுற்று ஒரு சுற்றாகிறது. மூடி போட முன் கூப்பிடச் சொல்லுங்கள். மூன்று குறியையும் உங்கள் கைபேசியில் படம் பிடியுங்கள், உங்கள் முன்னால் ஒருதரம் கையால் சுற்றிக் காட்டச் சொல்லுங்கள். ஒழுங்காக வேலை செய்கிற எவரும் இதற்குக் கோபிக்கமாட்டார். பெல்ட் மாற்றிய பிறகு புகையோ இழுவைக் குறைவோ புதிதாக வந்தால், இன்ஜெக்டருக்கும் பம்புக்கும் காசு செலவழிக்க முதல் அந்த மூடியைத் திறந்து பார்க்கச் சொல்லுங்கள்.

ஐயாவின் எஞ்சினில் வெள்ளைப் பொட்டை மண்ணெண்ணெயால் அழித்து, பம்ப் புலியைக் கம்பனிக் கீறலுக்குக் கொண்டுவந்தோம். பொடியன் ஸ்பனரோடு புலியைப் பிடித்திருக்க, நான் பெல்ட்டை மாட்டினேன். இரண்டு சுற்றையும் ஐயாவே சொக்கெட்டைப் பிடித்துச் சுற்றினார். டயல் கேஜ் வைத்தும் பார்த்தோம். இரவு கராஜிலேயே விட்டுப் போகச் சொன்னேன், குளிர்ந்த எஞ்சினில் பார்த்தால்தான் உண்மை தெரியும். அடுத்த நாள் விடிய அவரே திறப்பைத் திருப்பினார். முதல் அடியிலேயே எடுத்தது. புகைக்குழாயின் பின்னால் போய்க் குனிந்து நின்று வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார். மூடியின் மேல் திகதியும் கிலோமீற்றரும் பெயின்டால் எழுதிக் கொடுத்தேன். அன்று பின்னேரம் மூட்டை ஏற்றப் போய்விட்டார்.