ஒரு சொல்லை மாற்றினால் பக்கத்துச் சொல்லும் அசைகிறது

ஒரு கட்டுரையைத் திறந்து, 'பல' என்று வரும் இடங்களிலெல்லாம் 'நிறைய' என்று மாற்றும்படி கணினியிடம் சொல்லிப் பாருங்கள். இரண்டுக்கும் பொருள் ஒன்றுதான். ஆனாலும் 'பலகை' 'நிறையகை' ஆகியிருக்கும். சில மென்பொருள்களில் 'பல்' கூட 'நிறைய்' ஆகிவிடும். 'ல்' நம் கண்ணுக்கு ஒரே எழுத்து. கணினிக்குள் 'ல' ஒரு குறியீடு, தலைமேல் இருக்கும் புள்ளி இன்னொரு குறியீடு. அதனால் 'பல்' என்பதற்குள் 'பல' முழுசாக இருக்கிறது.

முழுச்சொல்லாக வரும்போது மட்டும் மாற்று என்று கட்டளையிட்டால் இந்தக் கோளாறு தீர்ந்துவிடும். உண்மையான சிக்கல் அதற்கு அப்புறம்தான் தொடங்குகிறது.

பொருள் கெடாமல் ஒரு சொல்லுக்குப் பதில் இன்னொரு சொல்லை வைக்கும் சொல்மாற்றுக் கருவிக்கு முதல் வேலை, மாற்றாக வரக்கூடிய சொற்களைத் திரட்டுவது. இதை நம் நிகண்டுகள் எப்போதோ செய்துவைத்திருக்கின்றன. செய்யுள் எழுதுபவருக்கு எதுகைக்கும் மோனைக்கும் இசையும் சொல் வேண்டும். அதற்கு உதவியாக ஒரு பொருளுக்குரிய பெயர்களையெல்லாம் ஓரிடத்தில் சேர்த்துப் பாட்டாகவே கட்டிவைத்தார்கள். சூடாமணி நிகண்டின் 12 தொகுதிகளில் முதல் 10 தொகுதிகள் இப்படிப்பட்டவை. 11ஆவது தொகுதி இதற்குத் தலைகீழ்: ஒரே சொல்லுக்குள்ள பல பொருள்களை அது சொல்கிறது. இந்தப் பிரிப்பை நினைக்கும்போதெல்லாம் எனக்கு வியப்பு வரும். இன்றைக்குச் சொல்மாற்றுக் கருவி செய்பவர்கள் மோதிக்கொள்ளும் இரண்டு கேள்விகளும் அதில் தனித்தனியாக நிற்கின்றன: இந்தப் பொருளுக்கு என்னென்ன சொற்கள், இந்தச் சொல்லுக்கு என்னென்ன பொருள்கள்.

'மாலை நேரத்தில் மாலை வாங்கினாள்' என்ற வாக்கியத்தை எடுத்துக்கொள்வோம். பட்டியலில் அந்தி, சாயங்காலம், ஆரம், தார் எல்லாம் இருக்கும். முதல் மாலைக்கு எது, இரண்டாவதற்கு எது என்று பட்டியல் சொல்லாது. பக்கத்தில் இருக்கும் 'நேரத்தில்', 'வாங்கினாள்' என்ற சொற்கள்தான் சொல்லும். ஒரு சொல்லின் பொருள் அது யாரோடு சேர்ந்து வருகிறது என்பதில் தெரியும் என்று 1950களிலேயே மொழியியலாளர்கள் எழுதினார்கள். 2013இல் கூகுள் ஆய்வாளர்கள் வெளியிட்ட வேர்ட்டுவெக் (word2vec) என்ற நிரல் அந்தக் கருத்தைப் பெரிய அளவில் கணக்காக்கியது. கோடிக்கணக்கான சொற்கள் கொண்ட எழுத்துக்குவியலைப் படித்து, ஒவ்வொரு சொல்லுக்கும் எண்வரிசை ஒன்றைக் கொடுத்தது. அவர்கள் வெளியிட்ட ஆங்கிலத் தொகுப்பில் ஒரு சொல்லுக்கு 300 எண்கள். ஒரே மாதிரிச் சூழலில் வரும் சொற்களுக்கு எண்களும் நெருங்கி வரும்.

இதில் இரண்டு குறைகள் உண்டு. சொல்லுக்கு ஒரே ஓர் எண்வரிசைதான், ஆக இரண்டு மாலைகளும் ஒன்றாகக் கலந்துவிடும். இரண்டாவது குறை இன்னும் ஆபத்தானது. 'ஏறியது', 'இறங்கியது' இரண்டும் ஒரே வகை வாக்கியங்களில் வருகின்றன, அதனால் எண்களில் அக்கம்பக்கத்தில் உட்கார்ந்துகொள்ளும். கருவி நம்பிக்கையோடு எதிர்ச்சொல்லை எடுத்து நீட்டும்.

2018இல் வந்த பெர்ட் (BERT) என்ற கணினி மொழி மாதிரி முழு வாக்கியத்தையும் பார்த்து எண்களைக் கணக்கிடுகிறது. பயிற்சியின்போது எழுத்துத் துண்டுகளில் 15 விழுக்காட்டைத் தேர்ந்தெடுத்து, பெரும்பாலும் அவற்றை மறைத்துவைத்து, அங்கே என்ன இருந்தது என்று ஊகிக்கச் சொல்வார்கள். சொல்மாற்றத்துக்கு இது அப்படியே உதவும் என்று தோன்றும். ஆனால் 'கதவை மெதுவாகத் திறந்தான்' என்பதில் 'மெதுவாக' என்ற சொல்லை மறைத்தால் 'வேகமாக' என்பதும் கச்சிதமாகப் பொருந்துகிறது. மறைக்காமல் விட்டாலோ, திரும்பவும் 'மெதுவாக' என்றே விடை வரும். 2019இல் ஓர் ஆய்வுக்குழு நடுவழி ஒன்றைக் கண்டது: அந்தச் சொல்லின் எண்களில் சிலவற்றை மட்டும் அழித்து, சொல்லைப் பாதி மங்கலாக்கிக் காட்டினார்கள். மூலப்பொருளின் சாயல் மிஞ்சும், அதே சொல்லைத் திருப்பிச் சொல்லும் கட்டாயம் தளரும். 'மெல்ல', 'நிதானமாக' போன்றவை மேலே வர அங்கேதான் வழி பிறக்கிறது. அப்புறம் மாற்றுவதற்கு முன்னும் பின்னும் வாக்கியத்தின் எண்கள் எவ்வளவு நகர்ந்தன என்று பார்த்து, பொருளைக் கலைத்த சொற்களைக் கழிப்பார்கள்.

சரி, தமிழில் சொல் கிடைத்ததும் வேலை முடிந்துவிடுமா? முடியாது. 'தண்ணீரைக் குடித்தான்' என்பதில் 'குடி' போய் 'பருகு' வரட்டும். 'குடி' இறந்தகாலத்தில் 'த்த்' ஏற்கும். 'பருகு' 'இன்' ஏற்கும். ஆக வினையை வேர்வரை பிரித்து, காலமும் பாலும் குறித்துக்கொண்டு, புதிய வேரின் முறைப்படி 'பருகினான்' என்று மறுபடி கட்ட வேண்டும். அதோடு நிற்காது. முந்தின சொல்லின் கடைசியில் இருந்த 'க்' இப்போது 'ப்' ஆக வேண்டும்: 'தண்ணீரைப் பருகினான்'. மாற்றியது ஒரு சொல், திருந்தியது இரண்டு.

பெயர்ச்சொல்லும் இப்படித்தான். வீடு வீட்டில் ஆகும், இல்லம் இல்லத்தில் ஆகும், மனை மனையில் ஆகும். 'சூரியன் உதித்தது' என்று எழுதுகிறோம். 'கதிரவன்' என்று மாற்றினால் காது 'உதித்தான்' என்பதைத்தான் தேடுகிறது. வாக்கியத்தின் ஒரு முனையில் கைவைத்தால் மறுமுனை அசைகிறது. தமிழுக்குக் கருவி செய்பவர்கள் சொல்லை வேரும் விகுதியுமாகப் பிரிக்கும் உருபனியல் பகுப்பானுக்கும், சொற்கள் சேரும் இடத்தில் 'க்', 'ப்' போன்றவற்றைச் சரிசெய்யும் சந்தித் திருத்தத்துக்கும் இன்னும் அதிகம் உழைக்க வேண்டும் என்று நான் உறுதியாக நினைக்கிறேன். ஆங்கிலத்துக்குச் செய்த அச்சில் தமிழை ஊற்றினால் விளிம்புகளெல்லாம் உடைந்துதான் வரும்.

மாற்று சரியா என்று சோதிப்பதும் எளிதல்ல. 2007இல் செம்ஈவல் என்ற ஆய்வுப் போட்டிக்காக 201 ஆங்கிலச் சொற்களை வாக்கியங்களில் வைத்து மனிதர்களிடம் மாற்றுச்சொல் கேட்டார்கள். தாய்மொழியாகப் பேசுகிறவர்களே வேறு வேறு சொற்களைச் சொன்னார்கள். அதனால் ஒரே ஒரு சரியான விடை என்று வைக்காமல், எத்தனை பேர் சொன்னார்களோ அதற்கேற்ப மதிப்பெண் கொடுத்தார்கள்.

மரியாதையும் கணக்கில் வர வேண்டும். செத்தான், இறந்தார், காலமானார் மூன்றும் ஒரே நிகழ்வைத்தான் சொல்கின்றன. ஆனால் 'பேட்டரி செத்துவிட்டது' என்கிறோம், 'காலமாகிவிட்டது' என்பதில்லை.

சில சொற்கள் பக்கத்துச் சொல்லோடு ஒட்டியே பிறந்தவை. 'கனம்' என்றாலும் 'பாரம்' என்றாலும் ஒன்றுதான், ஆனால் 'பாரமழை' பெய்வதில்லை. நல்ல கருவி இந்த இடத்தில் எல்லா மாற்றுகளையும் போட்டுப் பார்த்து, மூலச்சொல்லுக்குக் கிடைத்த மதிப்பெண்ணை எதுவும் நெருங்கவில்லை என்று கண்டு, 'கனமழை' என்பதைத் தொடாமல் அடுத்த சொல்லுக்கு நகரும்.